ஜெயிலில் உருவான கதாசிரியர்

1961-ம் ஆண்டு மே மாதம். பிரான்ஸ் நாட்டின் கேன்ஸ் நகரில் உலகப் பட விழா நடந்தது. யூகோஸ்லாவியாவின் சார்பில் அங்கே ஒரு படம் திரையிடப்பட்டது. படத்தின் பெயர், 'பதினாலாம் நாள்'.

நான்கு கைதிகளின் கதை அது. ஜெயிலில் அவர்களுக்கு இரண்டு வாரம் லீவு கொடுக்கிறார்கள். நால்வரும் வெளியே வருகிறார்கள். வீடு, உறவு, விட்டுப்போன ஆசைகள் என்று ஆளுக்கு ஒரு பக்கம் போகிறார்கள். பதினாலாம் நாள் ஜெயிலுக்குத் திரும்பியாக வேண்டும். எந்தச் சந்தோஷத்தின் நடுவிலும் அந்த நாள் கண் முன்னால் நிற்கிறது.

இந்தக் கதையை எழுதியவர் பிறர் சொல்லக் கேட்டு எழுதவில்லை. அவரே ஐந்து ஆண்டு கைதியாக இருந்தவர். ஜெயிலை விட்டு வெளியே வந்து எட்டு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன.

அவர் பெயர் போரிஸ்லாவ் பெக்கிச். யூகோஸ்லாவியா தந்த பெரிய எழுத்தாளர்களில் ஒருவர். அந்த நாட்டு சினிமாவுக்கு இருபதுக்கு மேற்பட்ட திரைக்கதைகளை எழுதியவர்.

ஊர் ஊராக

பெக்கிச் 1930-ம் ஆண்டு பிப்ரவரி மாதம் 4-ந் தேதி பிறந்தார். ஊர், மாண்டிநீக்ரோவில் உள்ள பொட்கோரிட்சா. அப்போது யூகோஸ்லாவியாவில் மன்னர் ஆட்சி நடந்தது.

தந்தை வோயிஸ்லாவ், அரசாங்கத்தில் உயர்ந்த உத்தியோகம் பார்த்தார். மாற்றல் உத்தரவு வந்து கொண்டே இருக்கும். பெட்டி படுக்கையைக் கட்டிக் கொண்டு குடும்பம் கிளம்பும். குரோஷியாவில் க்னின், மாண்டிநீக்ரோவில் செட்டின்யே என்று சிறுவனின் பிள்ளைப் பருவம் பல ஊர்களில் கழிந்தது. ஓர் ஊரில் நண்பர்கள் கிடைத்ததும் அடுத்த ஊருக்குப் போக வேண்டியிருந்தது.

1941-ம் ஆண்டு ஏப்ரல் 6-ந் தேதி ஹிட்லரின் விமானங்கள் பெல்கிரேடு நகரின் மீது குண்டு போட்டன. சில நாட்களில் நாடு வீழ்ந்தது. மன்னர் வெளிநாட்டுக்குத் தப்பிச் சென்றார். ஜெர்மனியும் இத்தாலியும் மற்றவர்களும் நாட்டைத் துண்டு துண்டாகப் பங்கு போட்டுக் கொண்டார்கள். பெக்கிச் குடும்பம் பனாத் பகுதியில் உள்ள பவானிஷ்டே என்ற கிராமத்தில் போய்த் தங்கியது.

மலைகளில் டிட்டோவின் படை எதிரிகளோடு போரிட்டது. 1945-ல் போர் முடிந்தபோது டிட்டோவின் கையில் ஆட்சி இருந்தது. நாடு கம்யூனிஸ்டு நாடாகியது. அதே ஆண்டு பெக்கிச் குடும்பம் தலைநகரான பெல்கிரேடுக்கு வந்து சேர்ந்தது. அப்போது போரிஸ்லாவுக்கு வயது 15.

கைது

பெல்கிரேடில் ஆண்கள் உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்து படித்தார். 1948-ல் படிப்பை முடித்தார்.

அந்த ஆண்டு யூகோஸ்லாவியாவில் பெரும் குழப்பம். ரஷியாவின் ஸ்டாலினுக்கும் டிட்டோவுக்கும் சண்டை முற்றி, ஜூன் மாதம் உறவு முறிந்தது. நேற்று வரை நண்பர்கள், இன்று விரோதிகள்! அரசாங்கம் எல்லோரையும் சந்தேகக் கண்ணோடு பார்த்தது.

நாட்டில் ஒரே கட்சிதான் இருக்கலாம். அதை எதிர்த்து மாணவர்கள் சிலர் ரகசியமாகக் கூடிப் பேசினார்கள். 'யூகோஸ்லாவிய ஜனநாயக வாலிபர் சங்கம்' என்று தங்கள் கூட்டத்துக்குப் பெயர் வைத்தார்கள். பெக்கிச் அதில் முக்கியமானவர்.

ரகசியம் போலீசுக்கு எட்டியது. நவம்பர் மாதம் மாணவர்கள் கைது செய்யப்பட்டார்கள். வழக்கு நடந்தது. பெக்கிச்சுக்குக் கிடைத்தது 15 ஆண்டு கடுங்காவல். அவருக்கு வயது 18. தண்டனை முழுவதையும் அனுபவித்தால், வெளியே வரும்போது வயது 33 ஆகியிருக்கும்.

ஸ்ரெம்ஸ்கா மிட்ரோவிட்சா என்ற ஊரில் இருந்த ஜெயிலிலும், பிறகு நீஷ் நகர ஜெயிலிலும் அவரை அடைத்தார்கள். அங்கே அவருக்குக் காசநோய் வந்தது. அந்த நோய் தந்த பலவீனம் வெகு காலம் உடம்பை விட்டுப் போகவில்லை.

மனசுக்குள் புத்தகம்

ஜெயிலில் கைதியிடம் மிச்சம் இருப்பது நேரம் ஒன்றுதான். பெக்கிச் அதை வீணாக்கவில்லை.

உள்ளே பலவிதமான மனிதர்கள் இருந்தார்கள். பழைய ஆட்சியில் அதிகாரம் செய்தவர்கள், போரில் தோற்றவர்கள், புதிய ஆட்சியில் பதவி வகித்துத் தவறி விழுந்தவர்கள், திருடர்கள், கொலைகாரர்கள் எல்லோரும் ஒரே கூரையின் கீழ் கிடந்தார்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு கதை இருந்தது. ஒவ்வொருவரும் தன் பக்கமே நியாயம் என்று நம்பினார்கள்.

பிற்காலத்தில் அவர் எழுதிய பெரிய நாவல்கள் பலவற்றின் கரு அங்கே உருவானதுதான். மனிதனுக்கு நல்லது செய்யப் புறப்பட்டவர்கள் மனிதனையே நசுக்குவது ஏன்? இந்தக் கேள்வி ஜெயிலில் அவரைப் பிடித்துக் கொண்டது. சாகும் வரை விடவில்லை.

இந்த ஐந்து ஆண்டுகளைப் பற்றிப் பின்னாளில் அவர் மூன்று பாகமாக ஒரு நூல் எழுதினார். 'வெட்டுக்கிளிகள் தின்ற ஆண்டுகள்' என்று அதற்குப் பெயர். 1987 முதல் 1990 வரை அது வெளிவந்தது. தன் மீது பரிதாபம் தேடி எழுதிய நூல் அல்ல. ஜெயில் எப்படி இயங்குகிறது, பயம் மனிதனை என்ன செய்கிறது, காவலாளியும் கைதியும் ஒருவரை ஒருவர் எப்படி மாற்றுகிறார்கள் என்று நிதானமாகக் கணக்கு எடுத்திருக்கிறார். இடையிடையே சிரிக்கவும் வைக்கிறார்.

1953-ம் ஆண்டு அரசாங்கம் அவருக்கு மன்னிப்பு வழங்கியது. 15 ஆண்டுகளில் ஐந்து ஆண்டு முடிந்திருந்தது. 23 வயதில் பெக்கிச் வெளியே வந்தார்.

பிழைக்க ஒரு வழி

வெளியே வந்தவுடன் பெல்கிரேடு பல்கலைக்கழகத்தில் மனோதத்துவம் படிக்கச் சேர்ந்தார். அந்தப் படிப்பைப் பூர்த்தி செய்யவில்லை.

ஜெயிலில் இருந்து வந்தவர், அதுவும் அரசாங்கத்துக்கு விரோதி என்று முத்திரை குத்தப்பட்டவர். அப்படிப்பட்டவருக்கு நல்ல உத்தியோகம் எங்கே கிடைக்கும்? மனசு நிறைய நாவல்கள் இருந்தன. ஆனால் நாவல் எழுதி முடிக்க ஆண்டுகள் ஆகும். அதுவரை சாப்பிட வேண்டுமே!

1958-ல் அவர் வாழ்க்கையில் இரண்டு நல்ல காரியங்கள் நடந்தன. ஒன்று, கல்யாணம். மணமகள் லிலியானா, கட்டிடக் கலை படித்தவர். போருக்கு முன்பு யூகோஸ்லாவியாவின் பிரதம மந்திரியாக இருந்த ஸ்டோயாடினோவிச்சின் உறவுப் பெண். புதிய ஆட்சிக்குப் பிடிக்காத குடும்பம்! மறு ஆண்டு இவர்களுக்கு அலெக்சாண்ட்ரா என்ற பெண் குழந்தை பிறந்தது.

இரண்டாவது, சினிமா.

சினிமாவில் சேர்ந்தார்

போருக்குப் பிறகு யூகோஸ்லாவியாவில் சினிமாத் தொழில் முழுவதும் அரசாங்கத்தின் பொறுப்பில் வளர்ந்தது. நாட்டில் ஆறு குடியரசுகள் இருந்தன. ஒவ்வொன்றுக்கும் சொந்தமாக ஒரு பட நிறுவனம் ஏற்பட்டது. செர்பியாவுக்கு அவாலா பிலிம், குரோஷியாவுக்கு யாட்ரான் பிலிம், போஸ்னியாவுக்கு போஸ்னா பிலிம், மாண்டிநீக்ரோவுக்கு லொவ்சென் பிலிம் என்று இருந்தன. 1954 முதல் ஆண்டுதோறும் பூலா நகரில், பழைய ரோமானியர் காலத்துத் திறந்தவெளி அரங்கில் நாட்டுப் பட விழாவும் நடந்து வந்தது.

படம் எடுக்க ஆள் இருந்தது, காமிரா இருந்தது. கதைக்குத்தான் பஞ்சம்! பெரும்பாலும் போர்க் கதைகளையே எடுத்துக் கொண்டிருந்தார்கள். மனிதர்களைத் தெரிந்து வைத்துக் கொண்டு, வசனமும் எழுதத் தெரிந்தவர்களுக்குத் தேவை இருந்தது.

பெக்கிச் பிறந்த மண்ணின் நிறுவனமான லொவ்சென் பிலிம் அவருக்கு வேலை கொடுத்தது. வந்து சேரும் கதைகளைப் படிக்க வேண்டும். எது படமாகும், எது ஆகாது என்று சொல்ல வேண்டும். ஓட்டை உள்ள கதையை அடைத்துச் சரி செய்ய வேண்டும். தானும் எழுத வேண்டும். சுமார் ஆறு ஆண்டு காலம் இந்த வேலை அவருக்குச் சோறு போட்டது.

திரைக்கதை எழுதுபவன் தன் இஷ்டத்துக்கு எழுத முடியாது. டைரக்டர் ஒன்று சொல்வார், நிறுவனம் ஒன்று சொல்லும். பணம் இல்லை என்று ஒரு காட்சி போகும். எழுதியவன் பெயர் திரையில் ஒரு நிமிடம் வந்து மறையும். ஆனாலும் பெக்கிச் இந்த வேலையில் நல்ல பயிற்சி பெற்றார். ஒருவன் வாய் திறந்து நாலு வார்த்தை பேசியதும் அவன் யார் என்று தெரிய வேண்டும் என்பது திரைக்கதை கற்றுத் தரும் பாடம். அவருடைய நாவல்களிலும் நாடகங்களிலும் அந்தப் பாடம் நன்றாகத் தெரியும்.

பகலில் சினிமா. மிச்ச நேரத்தில் தன் சொந்த நாவல். இப்படி ஆண்டுகள் போயின.

பதினாலாம் நாள்

1960-ல் உருவான 'பதினாலாம் நாள்' படத்தை டைரக்ட் செய்தவர் ஸ்த்ராவ்கோ வெலிமிரோவிச். அவரும் பெக்கிச் பிறந்த அதே 1930-ல் பிறந்தவர்.

கைதிகளைக் கதாநாயகர்களாக வைத்து ஒரு படம். அதை எழுதியவரோ அரசியல் கைதியாக இருந்தவர். அந்தப் படத்தையே யூகோஸ்லாவியா தன் நாட்டின் சார்பில் கேன்ஸ் விழாவுக்கு அனுப்பியது! ஜெயிலில் போட்ட அதே அரசாங்கத்தின் கொடியின் கீழ் அவருடைய கதை உலகத்தின் முன்னால் ஓடியது. அந்த ஆண்டு முதல் பரிசை ஸ்பெயின் டைரக்டர் புனுவேல் எடுத்த படமும் ஒரு பிரெஞ்சுப் படமும் பகிர்ந்து கொண்டன. பெக்கிச்சின் படத்துக்குப் பரிசு கிடைக்கவில்லை. ஆனால் சினிமா உலகில் அவர் பெயர் நிலைத்தது.

அதே 1961-ம் ஆண்டு செப்டம்பரில்தான் பெல்கிரேடு நகரில் அணி சேரா நாடுகளின் முதல் மாநாடு நடந்தது. டிட்டோ வரவேற்க, நமது பிரதமர் நேரு அதில் கலந்து கொண்டார். வெளி உலகத்துக்கு யூகோஸ்லாவியா மற்றக் கம்யூனிஸ்டு நாடுகளைவிடத் தாராளமான நாடாகத் தெரிந்தது. பல விஷயங்களில் அது உண்மையும்கூட. ஆனால் ஆட்சியைப் பற்றி வாய் திறந்து பேச ஓர் எல்லை இருந்தது. அந்த எல்லை எங்கே என்று பெக்கிச்சுக்கு நன்றாகத் தெரியும்.

முதல் நாவல்

1965-ல் அவருடைய முதல் நாவல் 'அற்புதங்களின் காலம்' வெளிவந்தது. அவருக்கு அப்போது 35 வயது.

ஏசுநாதர் செய்த அற்புதங்களை வைத்து எழுதிய கற்பனைக் கதை அது. அற்புதத்தால் குணம் அடைந்தவர்கள் பிறகு என்ன ஆனார்கள் என்று கதை சொல்கிறார். குஷ்டம் நீங்கிய பெண்ணை நோயாளிகள் தங்களோடு சேர்க்கவில்லை. நோய் இல்லாதவர்களும் சேர்க்கவில்லை. இரண்டு ஊருக்கும் நடுவில் அவள் நிற்கிறாள். பார்வை பெற்ற குருடன் உலகத்தின் அசிங்கத்தைக் கண்டு மனம் நொந்து போகிறான். உயிர் பெற்று எழுந்த லாசரசை விரோதிகள் மறுபடியும் கொல்கிறார்கள். அவன் மறுபடியும் எழுப்பப்படுகிறான். செத்தவனை நிம்மதியாகச் சாகக்கூட விடவில்லை!

படித்தவர்களுக்குக் கதையின் உட்பொருள் புரிந்தது. மக்களைக் கேட்காமலே மக்களுக்குச் சொர்க்கம் கட்டித் தரப் புறப்பட்டவர்களைப் பற்றிய நாவல் அது. விமர்சகர்கள் பாராட்டினார்கள். பின்னர் அமெரிக்காவில் ஆங்கிலத்திலும் வெளிவந்தது.

சினிமா வேலையில் இருந்து பெக்கிச் விலகி, முழு நேர எழுத்தாளர் ஆனார். 1968, 1969-ம் ஆண்டுகளில் பெல்கிரேடின் இலக்கியப் பத்திரிகை ஒன்றின் ஆசிரியர் குழுவிலும் இருந்தார்.

பாஸ்போர்ட்டு பறிப்பு

1968-ம் ஆண்டு ஜூன் மாதம் பெல்கிரேடு மாணவர்கள் தெருவில் இறங்கிக் கிளர்ச்சி செய்தார்கள். இந்தக் கிளர்ச்சி பெக்கிச்சின் இரண்டாவது நாவலுக்குள் வந்தது.

அதன் கதாநாயகன் அர்செனியே நியெகோவான், ஒரு பணக்காரக் கிழவர். பெல்கிரேடில் அவருக்குப் பல வீடுகள். 1941-ம் ஆண்டு மார்ச் 27-ந் தேதி தெருவில் நடந்த கலவரத்தில் சிக்கிப் பயந்து வீட்டுக்குள் போனவர், 27 ஆண்டு வெளியே வரவே இல்லை. இதற்குள் ஆட்சி மாறி விட்டது. வீடுகளை எல்லாம் அரசாங்கம் எடுத்துக் கொண்டது. இது கிழவருக்குத் தெரியாது. அதிர்ச்சி தாங்க மாட்டார் என்று வீட்டில் மறைத்து விட்டார்கள்! ஜன்னல் வழியே தூரத்து வீடுகளைப் பார்த்துக் கொண்டு, எல்லாம் தன்னுடையது என்று நம்பி இருக்கிறார். 1968 ஜூனில் ஒரு நாள் தடியை எடுத்துக் கொண்டு வெளியே கிளம்புகிறார். நேரே மாணவர் கிளர்ச்சியின் நடுவில் போய் நிற்கிறார்.

1970-ல் வெளியான இந்த நாவலுக்கு 'நின்' வாரப் பத்திரிகையின் பரிசு கிடைத்தது. யூகோஸ்லாவியாவில் நாவலுக்குத் தரப்படும் பரிசுகளில் பெரிய மதிப்பு உள்ள பரிசு அதுதான்.

இதற்கு இடையில் குடும்பத்தோடு லண்டனில் குடியேறுவது என்று பெக்கிச் முடிவு செய்திருந்தார். மனைவியும் மகளும் முன்னால் போய் விட்டார்கள். பெக்கிச் கிளம்ப வேண்டிய நேரத்தில் அவருடைய பாஸ்போர்ட்டை அதிகாரிகள் பறித்துக் கொண்டார்கள். காரணம் எதுவும் சொல்லவில்லை. மனைவியும் மகளும் ஒரு நாட்டில், அவர் ஒரு நாட்டில்.

நாட்டின் முதல் பரிசைப் பெற்ற எழுத்தாளரை வெளியே போக விடாமல் அடைத்து வைத்திருப்பது அரசாங்கத்துக்கே கவுரவக் குறைவாகப் போயிற்று. ஓர் ஆண்டு கழித்து, 1971-ல் பாஸ்போர்ட்டைத் திருப்பிக் கொடுத்தார்கள். 41 வயதில் பெக்கிச் லண்டன் போய்ச் சேர்ந்தார்.

லண்டன் வாழ்க்கை

அவர் அங்கே போனதும் சொந்த நாட்டில் கதவு சாத்தப்பட்டது. சில ஆண்டு காலம் யூகோஸ்லாவியாவில் அவருடைய புதிய நூல்கள் வெளிவரவில்லை. அங்கே அவர் வேண்டாதவர் ஆகிவிட்டார்.

ஆங்கிலத்தில் எழுதிப் பெயர் எடுக்கலாம் என்று பெக்கிச் போகவில்லை. தன் தாய்மொழியிலேயே எழுதினார். படிக்க வேண்டியவர்கள் ஆயிரம் மைலுக்கு அப்பால் இருந்தார்கள். அச்சுப் போட ஆள் இல்லை. ஆனாலும் மேஜையை விட்டு எழவில்லை. வேலைக்குப் போனவர் லிலியானா. வீட்டில் உட்கார்ந்து எழுதியவர் பெக்கிச். ஜெர்மன் ரேடியோ நிலையங்கள் அவருடைய நாடகங்களை ஒலிபரப்பின.

1977-ல் ஒரு வேடிக்கை நடந்தது. யூகோஸ்லாவியாவில் நாவல் போட்டி ஒன்று வைத்தார்கள். எழுதியவர் பெயரை வெளியே காட்டாமல் கையெழுத்துப் பிரதியை அனுப்ப வேண்டும். பெக்கிச்சும் லண்டனில் இருந்து ஒரு நாவலை அனுப்பி வைத்தார். படித்துப் பார்த்தவர்கள் அதையே மிகச் சிறந்தது என்று தேர்ந்து எடுத்தார்கள். எழுதியவர் யார் என்று பிறகுதான் தெரிந்தது! நாவல் உடனே அச்சாகியது.

அந்த நாவலின் பெயர், 'பேயை அடக்குவது எப்படி'. ஹிட்லரின் ரகசியப் போலீசில் இருந்து, பிற்பாடு பேராசிரியர் ஆன ஒரு ஜெர்மன்காரனின் கதை. போர்க்காலத்தில் தான் அதிகாரம் செய்த கடற்கரை ஊருக்கு 1965-ல் விடுமுறை கழிக்கப் போகிறான். அங்கே ஒரு முனிசிபல் குமாஸ்தாவின் நினைவும், அந்தக் குமாஸ்தாவின் குடையும் அவனைத் துரத்துகின்றன. தான் அப்பாவி என்று நிரூபிக்கப் படித்த படிப்பை எல்லாம் துணைக்கு அழைக்கிறான். விசாரணை அறைகளைப் பற்றி இத்தனை நுணுக்கமாக எழுத, விசாரிக்கப்பட்டவரால்தான் முடியும்.

ஏழு பாகம்

அடுத்து வந்தது அவருடைய மிகப் பெரிய நூல். பெயர், 'தங்கத் தோல்'. 1978 முதல் 1986 வரை ஏழு பாகங்களாக வெளிவந்தது.

வீட்டுக்காரக் கிழவரின் நியெகோவான் குடும்பத்தின் பல தலைமுறைக் கதை அது. அவர்கள் சின்சார் என்ற இனத்தார். தெற்கே இருந்து பிழைப்புத் தேடிப் புறப்பட்டு, கடை வைத்து, வியாபாரம் செய்து, பெல்கிரேடில் பெரிய மனிதர்கள் ஆனவர்கள். போன இடத்தில் ஒட்டிக் கொள்ளவும் வேண்டும், வந்த இடத்தை மறக்கவும் கூடாது. இந்த இழுபறியைப் பெக்கிச் லண்டனில் உட்கார்ந்து எழுதினார். இந்த நூலுக்காக 1987-ல் நியெகோஷ் பரிசு அவருக்குக் கிடைத்தது.

இதற்கு நடுவே 1983-ல் 'வெறிநோய்' என்ற நாவலையும் எழுதினார். லண்டன் ஹீத்ரோ விமான நிலையத்தில் கொடிய வெறிநாய்க்கடி நோய்க் கிருமி பரவுகிறது. நிலையத்தை மூடுகிறார்கள். உள்ளே ஆயிரக்கணக்கான பயணிகள் மாட்டிக் கொள்கிறார்கள். 2020-ல் கொரோனாவைக் கண்டவர்களுக்கு அந்தக் கதை வெறும் கற்பனையாகத் தோன்றாது.

ரேடியோக் கடிதம்

1980-ல் டிட்டோ காலமானார். நாட்டில் கெடுபிடி மெல்லத் தளர்ந்தது. 1985-ல் செர்பியாவின் அறிவியல் கலைக் கழகம் பெக்கிச்சை உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது.

1986 முதல் 1991 வரை லண்டன் பி.பி.சி. ரேடியோவில் அவர் வாரம் தோறும் பேசினார். சொந்த நாட்டில் இருப்பவர்களுக்குத் தாய்மொழியில் எழுதிய கடிதங்கள் போல அந்தப் பேச்சு இருந்தது. ஆங்கிலேயர் வரிசையில் நிற்பது எப்படி, சண்டை போடுவது எப்படி, தபால், ரெயில், பார்லிமெண்டு என்று எல்லாவற்றையும் வேடிக்கையாகச் சொல்வார். கேட்பவர்கள் சிரிப்பார்கள். சிரித்து முடிந்ததும், நம் ஊரில் ஏன் இப்படி இல்லை என்று யோசிப்பார்கள். சில சமயம், நம் ஊரே தேவலை என்றும் தோன்றும்.

இந்தக் கடிதங்கள் மூன்று தொகுதிகளாக அச்சாயின. முதல் தொகுதி 1987-ல் வந்தது. 'அந்நிய மண்ணில் இருந்து கடிதங்கள்' என்று அதற்குப் பெயர். பிழைக்கப் போன ஊரைத் திட்டாமலும், பிறந்த ஊரைப் புகழாமலும், இரண்டையும் நேராகப் பார்த்தவர் என்று அவரைச் சொல்லலாம்.

மீண்டும் சினிமா

எந்தச் சினிமா அவருக்கு முதலில் சோறு போட்டதோ, அந்தச் சினிமா அவரை மறக்கவில்லை. 1989-ல் ஒரே ஆண்டில் அவர் கதைகள் இரண்டு படமாக வந்தன. இரண்டுக்கும் திரைக்கதையில் அவருக்குப் பங்கு உண்டு.

முதல் படம் 'வெள்ளை ரோஜாக்களின் கோடை'. டைரக்டர் ராய்கோ கிர்லிச். டாம் கான்டி, சூசன் ஜார்ஜ், ராட் ஸ்டீகர் ஆகிய பிரபல நடிகர்கள் நடித்தார்கள். ஆற்றங்கரைக் குளிக்கும் துறையில் ஆபத்துக்கு உதவக் காவல் இருக்கும் ஒரு சாதாரண மனிதனின் கதை. தண்ணீரில் மூழ்கிய ஒருவனைக் காப்பாற்றுகிறான். கரைக்கு இழுத்துப் போட்ட பிறகுதான், அவன் கொடிய ஜெர்மன் அதிகாரி என்று தெரிகிறது. உயிரைக் காப்பாற்றியதே குற்றமாக வந்து முடிகிறது. டோக்கியோ உலகப் பட விழாவில் இந்தப் படம் முதல் பரிசு வாங்கியது. சிறந்த டைரக்டர் பரிசும் கிர்லிச்சுக்குக் கிடைத்தது.

இரண்டாவது படம் 'அற்புதங்களின் காலம்'. டைரக்டர் கோரன் பாஸ்கல்யெவிச். நாவலில் ஏசுநாதர் காலத்தில் நடந்த கதையை, படத்தில் 1945-ம் ஆண்டின் யூகோஸ்லாவியக் கிராமத்துக்குக் கொண்டு வந்தார்கள். கம்யூனிஸ்டுகள் மாதா கோவிலைப் பள்ளிக்கூடமாக மாற்றுகிறார்கள். சுவரில் இருக்கும் சாமி படங்களுக்கு வெள்ளை அடிக்கிறார்கள். வெள்ளையைத் தாண்டிப் படங்கள் மறுபடியும் தெரிகின்றன! 1965-ல் உவமையாகச் சொன்ன விஷயத்தை, 24 ஆண்டு கழித்து நேராகவே சொல்ல முடிந்தது. 1990-ல் இந்தப் படம் கேன்ஸ் நகரில், டைரக்டர்கள் நடத்தும் தனிப் பிரிவில் காட்டப்பட்டது. 'பதினாலாம் நாள்' அங்கே ஓடி 29 ஆண்டுகள் ஆகியிருந்தன.

பழைய கனவு

18 வயதில் எதற்காக ஜெயிலுக்குப் போனாரோ, அந்தக் காரியத்துக்கு 59-வது வயதில் நேரம் வந்தது. 1989 டிசம்பரில் பெல்கிரேடில் ஜனநாயகக் கட்சியை மீண்டும் தொடங்கப் படித்தவர்கள் 13 பேர் முன்வந்தார்கள். அவர்களில் பெக்கிச்சும் ஒருவர். கட்சியின் உபதலைவர் ஆனார். கட்சிப் பத்திரிகையிலும் பணியாற்றினார்.

ஆனால் காலம் அவர் பக்கம் இல்லை. குடியரசுகளுக்கு இடையே பகை மூண்டு கொண்டிருந்தது. 1991-ல் பெல்கிரேடின் தொழிலாளர் பகுதியான ரக்கோவிட்சாவில் இடைத்தேர்தல் வந்தது. பெக்கிச் போட்டியிட்டார். தீவிர இனவாதம் பேசிய வோயிஸ்லாவ் ஷேஷெல் வெற்றி பெற்றார். நிதானமாகப் பேசிய எழுத்தாளர் தோற்றுப் போனார்.

அந்தக் கோடையில் போர் மூண்டது. ஸ்லோவேனியா, குரோஷியா, பிறகு போஸ்னியா என்று நாடு எரிந்தது. அவர் பிறந்து, அடைபட்டு, படம் எழுதிய யூகோஸ்லாவியா அவர் கண் முன்னாலேயே உடைந்தது.

மறைவு

பெக்கிச்சுக்கு நுரையீரலில் புற்றுநோய் கண்டது. 1992-ம் ஆண்டு ஜூலை மாதம் 2-ந் தேதி லண்டனில் காலமானார். வயது 62.

அவர் விட்டுச் சென்ற குறிப்புகளும் கடிதங்களும் டைரிகளும் ஏராளம். மனைவி லிலியானாவும் மகள் அலெக்சாண்ட்ராவும் அவற்றைத் தொகுத்து நூல்களாக வெளிக் கொண்டு வந்தார்கள். 2016-ல் பெல்கிரேடின் மலர்ச் சதுக்கத்தில் அவருக்குச் சிலை வைத்தார்கள். எந்த நகரத்தில் 18 வயதில் அவரைக் கைது செய்தார்களோ, அதே நகரத்தில்!

இன்று யூகோஸ்லாவியா என்று ஒரு நாடு இல்லை. அவர் பிறந்த மாண்டிநீக்ரோ 2006-ல் தனி நாடானது. அவருடைய ஊருக்கும் ஒரு கதை உண்டு. 1946-ல் பொட்கோரிட்சாவின் பெயரை மாற்றி, டிட்டோவின் பெயரால் டிட்டோகிராட் என்று வைத்தார்கள். பெக்கிச் ஜெயிலில் இருந்தபோதும், சினிமாவுக்கு எழுதியபோதும், லண்டனில் இருந்தபோதும் அந்த ஊருக்கு அதுதான் பெயர். 1992 ஏப்ரலில் பழைய பெயர் திரும்ப வந்தது. மூன்று மாதம் கழித்து பெக்கிச் மறைந்தார்.